காரணம் சொல்லாத ஆணைகள்

‘பார்வையில் காணும் தங்கள் மனு பரிசீலிக்கப்பட்டது. தங்களது கோரிக்கையை ஏற்க விதிகளில் இடமில்லை எனத் தெரிவிக்கப்படுகிறது.’

தமிழ்நாட்டு அரசு அலுவலகங்களில் ஏறி இறங்கிய யாருக்கும் இந்த இரண்டு வரி புதிதல்ல. மேலே ந.க.எண் இருக்கும், நாள் இருக்கும். ‘பார்வை’ என்பதன் கீழ் நாம் கொடுத்த மனுவின் தேதி பிசகாமல் குறிக்கப்பட்டிருக்கும். கீழே கையொப்பமும் முத்திரையும் இருக்கும். எந்த விதி, நம் மனுவில் எது அந்த விதிக்குள் வரவில்லை, நாம் இணைத்த ஆவணங்களை யாராவது புரட்டிப் பார்த்தார்களா என்பது மட்டும் இருக்காது.

இந்த இரண்டு வரி ஒரு குடும்பத்தை எங்கெல்லாம் கொண்டுபோய் நிறுத்தும் என்று பாருங்கள். பட்டா மாறுதல் மறுக்கப்பட்டால் கூட்டுறவுச் சங்கத்தில் பயிர்க்கடன் வாங்க முடியாமல் போகும். வாரிசுச் சான்றிதழ் மறுக்கப்பட்டால் இறந்தவரின் வங்கிக் கணக்கும் பணப்பலன்களும் முடங்கும். பழங்குடியினர் சான்றிதழ் மறுக்கப்பட்டால் பிளஸ் டூ முடித்த பெண் கல்லூரிக்குப் போகாமல் செங்கல் சூளைக்குப் போவாள். இருளர், காட்டுநாயக்கர், மலைக்குறவர் குடும்பங்களில் இது ஆண்டுதோறும் நடக்கிறது.

மறுப்பதே தவறு என்று சொல்ல வரவில்லை. மறுக்கவேண்டிய மனுக்கள் உண்டு. போலி ஆவணங்கள் உண்டு. அண்ணன் தம்பிக்குள் பங்குத் தகராறு இருக்கும் நிலத்துக்கு ஒருவர் பெயரில் மட்டும் தாசில்தார் பட்டா மாற்றித்தர முடியாது. ஆனால், ‘நீங்கள் கேட்பது புல எண் 112/4, உங்கள் கிரயப் பத்திரத்தில் இருப்பது 112/3’ என்று ஒரு வரி எழுதிவிட்டால் போதும். பிழை திருத்தல் பத்திரம் போடுவதா, நிலஅளவருக்குப் பணம் கட்டி அளக்கச் சொல்வதா, ஆர்.டி.ஓ.விடம் மேல்முறையீடு செய்வதா என்று அந்த விவசாயியே முடிவெடுத்துக்கொள்வார்.

அந்த ஒரு வரி இல்லாதபோது அவர் போவது அலுவலக வாசலில் நிற்கும் புரோக்கரிடம். ‘என்ன குறைன்னு உள்ளே கேட்டுச் சொல்றேன்’ என்பதற்கே அங்கே ஒரு தொகை உண்டு. குறையைச் சரிசெய்ய இன்னொரு தொகை. ஆணையில் இலவசமாக எழுதப்பட்டிருக்க வேண்டிய காரணம் வெளியே விற்பனைக்கு வந்துவிடுகிறது. லஞ்சத்தைப் பற்றி நாம் எவ்வளவோ பேசுகிறோம். அதற்குத் தீனி போடுவதில் காரணம் சொல்லாத ஆணைக்கு இருக்கும் பங்கைப் பற்றி அநேகமாகப் பேசுவதே இல்லை.

1908இலேயே எழுதிவைத்தது

முடிவுக்குக் காரணம் சொல்ல வேண்டும் என்பது இன்று நேற்று முளைத்த கோரிக்கை அல்ல. நாம் இன்றும் பயன்படுத்தும் 1908ஆம் ஆண்டின் பதிவுச் சட்டத்தை எடுத்துப் பாருங்கள். அதன் 71ஆவது பிரிவின்படி, ஓர் ஆவணத்தைப் பதிய மறுக்கும் சார்பதிவாளர் மறுப்பு ஆணை பிறப்பிக்க வேண்டும். காரணங்களைத் தன் அலுவலகத்தின் 2ஆம் எண் புத்தகத்தில் பதிய வேண்டும். சம்பந்தப்பட்டவர் கேட்டால் அவற்றின் நகலைக் கட்டணம் வாங்காமல், தேவையற்ற தாமதம் இல்லாமல் கொடுக்க வேண்டும். அடுத்த பிரிவு, 30 நாளுக்குள் மாவட்டப் பதிவாளரிடம் மேல்முறையீடு செய்யும் உரிமையைத் தருகிறது.

காலனி ஆட்சி எழுதிய சட்டம் அது. ஆளப்பட்ட மக்கள்மீது பெரிய மரியாதை வைத்து எழுதப்பட்டதல்ல. ஆனாலும் காரணம், நகல், மேல்முறையீடு ஆகிய மூன்றையும் ஒரே சங்கிலியாகக் கோத்து வைத்திருக்கிறது. காரணம் தெரியாதவருக்கு மேல்முறையீட்டு உரிமை இருந்து என்ன பயன்? எதை எதிர்த்து அவர் மனு எழுதுவார்?

அந்தேரி சினிமா கொட்டகை

பம்பாய்ப் புறநகர் அந்தேரியில் ஒருவர் சினிமா கொட்டகை கட்ட விரும்பினார். நகரப் போலீஸ் கமிஷனர் முதலில் மறுத்தார். பிறகு 1947 ஜூலையில் அனுமதி கொடுத்தார். செப்டம்பரில் அதே கமிஷனரிடமிருந்து இன்னொரு கடிதம் வந்தது: அனுமதி ரத்து செய்யப்பட்டதைத் தெரிவிக்கும்படி அரசு தனக்கு உத்தரவிட்டிருக்கிறது என்பதே அதன் சாரம்.

விதிப்படி அனுமதி தருவதும் ரத்து செய்வதும் கமிஷனரின் அதிகாரம், அரசின் அதிகாரம் அல்ல. வழக்கு வந்ததும் அவர், ரத்து என்பது நானே யோசித்து எடுத்த முடிவுதான் என்று விளக்கம் சொல்லிப் பார்த்தார். 1951இல் உச்ச நீதிமன்றத்தில் நீதிபதி விவியன் போஸ் அதை ஏற்கவில்லை. பொதுமக்களுக்காகப் பிறப்பிக்கப்பட்ட ஆணையை, அதில் எழுதியிருக்கும் சொற்களை வைத்தே படிக்க வேண்டும்; எழுதியவர் பின்னால் வந்து, ‘நான் மனதில் நினைத்தது வேறு’ என்று சொல்லி அதன் பொருளை மாற்ற முடியாது என்று தீர்ப்பளித்தார்.

கால் நூற்றாண்டு கழித்து இதே கருத்தை நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர் இன்னும் கூர்மையாக்கினார். 1977 மக்களவைத் தேர்தலில் பஞ்சாபின் பெரோஸ்பூர் தொகுதியில் வாக்கு எண்ணிக்கையின்போது கலவரம் நடந்தது, வாக்குச்சீட்டுகள் நாசமாயின. தேர்தல் ஆணையம் தொகுதி முழுவதற்கும் மறுவாக்குப்பதிவு நடத்த ஆணையிட்டது. அந்த வழக்கில் அவர் வகுத்த விதி இன்றும் நம் உயர் நீதிமன்றங்களில் அன்றாடம் எடுத்துக்காட்டப்படுகிறது: ஓர் ஆணை நிற்பதும் விழுவதும் அதில் சொல்லப்பட்ட காரணங்களைப் பொறுத்தது, வழக்கு வந்த பிறகு பிரமாணப் பத்திரத்தில் புதிய காரணங்களைச் சேர்த்து அதற்கு முட்டுக்கொடுக்க முடியாது.

இந்த விதி ஏன் இவ்வளவு முக்கியம் என்பது நீதிமன்றத்தின் அன்றாடத்தைப் பார்த்தவர்களுக்குத் தெரியும். இரண்டு வரி ஆணையை எதிர்த்து ஒருவர் ரிட் மனு போடுகிறார். அரசுத் தரப்பில் பதில் மனு வருகிறது, இருபது பக்கம். அரசாணை எண்கள், சுற்றறிக்கைகள், பழைய தீர்ப்புகள் எல்லாம் அதில் உண்டு. மனுதாரருக்கு அவையெல்லாம் முதல் தடவையாக அன்றுதான் தெரிகின்றன. அந்த இருபது பக்கத்தை எழுதியவர் முடிவெடுத்த அதிகாரி அல்ல. எடுத்த முடிவைக் காப்பாற்றப் பணிக்கப்பட்ட வழக்கறிஞர். அதிகாரி ஆணையிட்ட நாளில் அவர் மனதில் அந்தக் காரணங்களில் ஒன்றாவது இருந்ததா என்று யாராலும் சொல்ல முடியாது.

கணக்குப் பரீட்சையில் விடையை மட்டும் எழுதிவிட்டு, வழிமுறையை மறுகூட்டலின்போது சொல்கிறேன் என்கிற மாணவனை எந்த ஆசிரியரும் ஏற்கமாட்டார். வழிமுறை என்பது விடையை அலங்கரிக்க வந்ததல்ல. விடை பிறந்த இடமே அதுதான். காரணமும் அப்படித்தான். எழுத உட்காரும்போதுதான் அதிகாரிக்கே தன் முடிவில் இருக்கும் ஓட்டை தெரியவரும். ‘விண்ணப்பதாரர் தாலுகாவில் குடியிருக்கவில்லை’ என்று எழுதப்போகிறவர் குடும்ப அட்டையை ஒருமுறையாவது எடுத்துப் பார்த்தாக வேண்டும். எழுத வேண்டியதில்லை என்றால் பார்க்கவும் வேண்டியதில்லை.

சட்டம் வந்த வழி

அரசு நிர்வாகம் தன் முடிவுக்குக் காரணம் சொல்லியே ஆக வேண்டும் என்ற பொது விதியை எந்த நாடாளுமன்றமும் நமக்கு ஒரே நாளில் எழுதித்தரவில்லை. வழக்கு வழக்காக நீதிபதிகள் கட்டியது அது. 1960களின் நடுவில் உச்ச நீதிமன்றத்தின் ஒரு வழக்கில், முன்பு சென்னை உயர் நீதிமன்றத்தில் நீதிபதியாக இருந்த கே. சுப்பாராவ், காரணம் சொல்லும் கடமையை அழுத்தமாக வலியுறுத்தினார். உடனிருந்த நீதிபதிகள் அவ்வளவு தூரம் வரத் தயாராக இல்லை. உத்தரப் பிரதேசத்துச் சர்க்கரை வியாபாரிகளின் உரிமத்தை மாவட்ட மாஜிஸ்திரேட் ரத்து செய்தார். அவர்களது மேல்முறையீட்டை மாநில அரசு காரணம் ஏதும் சொல்லாமல் தள்ளியது. அந்த ஆணையை 1970இல் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. 1976இல் சீமென்ஸ் நிறுவனத்தின் சுங்கவரி வழக்கில் நீதிபதி பி.என். பகவதி, காரணம் சொல்வதை இயற்கை நீதியின் அடிப்படைகளில் ஒன்றாகவே வைத்தார். மறுதரப்பைக் கேட்காமல் முடிவெடுக்கக் கூடாது என்பது எவ்வளவு அடிப்படையோ, இதுவும் அவ்வளவு அடிப்படை.

பிறகு வந்தது மேனகா காந்தியின் பாஸ்போர்ட். 1977 ஜூலைத் தொடக்கத்தில், பொதுநலன் கருதி உங்கள் பாஸ்போர்ட்டை முடக்க அரசு முடிவு செய்திருக்கிறது, ஒப்படையுங்கள் என்று அவருக்குக் கடிதம் போனது. என்ன காரணம் என்று அவர் எழுதிக் கேட்டார். பொதுநலன் கருதிக் காரணம் சொல்வதற்கில்லை என்று பதில் வந்தது. பாஸ்போர்ட் சட்டமே காரணங்களை எழுதிவைத்து நகல் தரச் சொல்கிறது. நாட்டின் பாதுகாப்பு, பொதுநலன் போன்ற சில சூழல்களில் மட்டும் நகலை மறுக்கலாம். அந்த விதிவிலக்குக்குள் அரசு ஒளிந்துகொண்டது. கடைசியில் நீதிமன்றத்தில் வெளிவந்த காரணம் என்ன? ஒரு விசாரணை ஆணையத்தின் முன் அவர் வர வேண்டியிருக்கலாம் என்பதுதான். இதை முதல் நாளே சொல்லியிருந்தால் எந்தப் பொதுநலன் கெட்டிருக்கும்? 1978 ஜனவரி 25ஆம் தேதி வந்த ஏழு நீதிபதிகளின் தீர்ப்பு, தனிமனித சுதந்திரத்தைப் பறிக்கும் நடைமுறை நியாயமானதாக இருக்க வேண்டும் என்பதற்காகக் கொண்டாடப்படுகிறது. அதன் விதை, சொல்லப்படாத ஒரு சாதாரணக் காரணம்.

1990இல் எஸ்.என். முகர்ஜி வழக்கில் ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வு இதையெல்லாம் திரட்டிப் பொது விதியாக்கியது. சட்டம் வெளிப்படையாகவோ உட்கிடையாகவோ விலக்கு அளித்தாலொழிய, ஒருவரது உரிமையைத் தீர்மானிக்கும் நிர்வாக அதிகாரி காரணத்தைப் பதிவு செய்தே ஆக வேண்டும். அந்த வழக்கைத் தொடுத்த ராணுவ அதிகாரி மட்டும் தோற்றுப்போனார். ராணுவச் சட்டத்தின் அமைப்பு, ராணுவ நீதிமன்றத்தின் தண்டனையை உறுதிசெய்பவருக்கு அந்த விலக்கைக் கொடுத்திருக்கிறது என்பது தீர்ப்பு. நாட்டுக்கே காரணம் கேட்டுக் கொடுத்த வழக்கில், கேட்டவருக்குக் காரணம் கிடைக்கவில்லை. இந்தத் தீர்ப்பில் மனம் ஒப்பாத இடம் எனக்கு அதுதான். ஒருவரது வேலையையும் மானத்தையும் பறிப்பதற்கு மேலிடம் ஒரு பத்தி எழுதினால் ராணுவக் கட்டுப்பாடு குலைந்துவிடாது.

பிற நாடுகள் இதற்கு வேறு வேறு வழி கண்டிருக்கின்றன. பிரான்ஸ் 1979இல் தனிச் சட்டமே போட்டது. நிறவெறி ஆட்சியிலிருந்து மீண்ட தென்னாப்பிரிக்கா, பாதிக்கப்பட்டவருக்கு எழுத்துமூலம் காரணம் பெறும் உரிமையைத் தன் அரசியல் சாசனத்தின் 33ஆவது பிரிவிலேயே வைத்தது. யாருடைய வாழ்க்கையையும் ஒரு முத்திரையால் புரட்டிப்போட்ட அதிகாரத்தைப் பார்த்த மக்கள் அவர்கள். இலங்கையின் 2016ஆம் ஆண்டுத் தகவல் உரிமைச் சட்டத்திலும், முடிவால் பாதிக்கப்பட்டவர் கேட்டால் அதிகாரி காரணம் தர வேண்டும் என்ற பிரிவு உண்டு. நாம் யாரிடமிருந்து நிர்வாக முறையைக் கற்றோமோ அந்த இங்கிலாந்தில்தான் எல்லா முடிவுக்கும் பொருந்தும் பொதுக் கடமை என்று ஒன்று இன்னும் இல்லை. இந்த ஒன்றில் நம் நீதிமன்றங்கள் அவர்களைத் தாண்டி வந்திருக்கின்றன.

ரப்பர் ஸ்டாம்பும் கணினித் திரையும்

காரணம் எழுத வேண்டும் என்று கட்டாயமானதும் காரணம்போலத் தோற்றமளிக்கும் வரிகள் பிறந்தன. ‘மனு கவனமாகப் பரிசீலிக்கப்பட்டது.’ ‘ஆவணங்கள் திருப்திகரமாக இல்லை.’ ‘களவிசாரணையில் தகுதியற்றவர் எனத் தெரியவருகிறது.’ பெயரை மாற்றி எந்த மனுவுக்கும் இவற்றை அனுப்பலாம். 2010இல் கிராந்தி அசோசியேட்ஸ் வழக்கில் நீதிபதி ஏ.கே. கங்குலி இதைத்தான் பிடித்தார். சென்னை உயர் நீதிமன்றத்தில் தலைமை நீதிபதியாக இருந்துவிட்டு உச்ச நீதிமன்றம் சென்றவர் அவர். ரப்பர் ஸ்டாம்ப் காரணம் காரணமே ஆகாது என்றார். காரணம் தெளிவாகவும் சுருக்கமாகவும் இருக்கலாம். ஆனால் அந்த மனுவைப் பற்றியதாக இருக்க வேண்டும்.

இன்று ரப்பர் ஸ்டாம்பின் இடத்துக்குக் கணினி வந்துவிட்டது. இ-சேவை மையத்தில் விண்ணப்பிக்கிறோம், ‘நிராகரிக்கப்பட்டது’ என்று செல்போனுக்குக் குறுஞ்செய்தி வருகிறது. திரையில் தயாராக இருக்கும் சில வாசகங்களில் ஒன்றைத் தேர்வு செய்தால் அதிகாரியின் வேலை முடிந்துவிடுகிறது. தெலங்கானாவில் இன்னும் ஒரு படி மேலே போனார்கள். பல தரவுத்தளங்களைக் கணினி இணைத்துப் பார்த்து, தகுதியில்லை என்று முடிவுகட்டியதில், லட்சக்கணக்கில் ரேஷன் அட்டைகள் ரத்தாயின. சுமார் 19 லட்சம் அட்டைகளை வீடு வீடாகப் போய் மறுபடி சரிபார்க்கும்படி 2022இல் உச்ச நீதிமன்றம் சொல்ல வேண்டியிருந்தது.

தொழில்நுட்பத்தின் மேல் பழி போட்டுவிடவும் முடியாது. கலைஞர் மகளிர் உரிமைத் தொகைத் திட்டத்தைப் பாருங்கள். 2023இல் சுமார் 1.63 கோடிப் பெண்கள் விண்ணப்பித்தார்கள். செப்டம்பர் 15ஆம் தேதி திட்டம் தொடங்கியபோது சுமார் 1.06 கோடிப் பேர் தேர்வாகியிருந்தார்கள். ஐம்பது லட்சத்துக்கும் மேற்பட்டவர்களுக்கு இல்லை என்ற பதில். ஆண்டு வருமானம் இரண்டரை லட்சம், ஆண்டுக்கு 3,600 யூனிட் மின்சாரம், நான்கு சக்கர வாகனம் என்று விதிகள் வெளிப்படையாக இருந்தன. ஏன் இல்லை என்பது குறுஞ்செய்தியாகப் போகும் என்றும், 30 நாளுக்குள் இ-சேவை வழியாக ஆர்.டி.ஓ.வுக்கு மேல்முறையீடு செய்யலாம் என்றும் அரசு அறிவித்தது. காரணம் தெரிந்ததால் மறுக்கவும் முடிந்தது: அந்தக் கார் எங்கள் வீட்டுடையது அல்ல, அந்த மின் இணைப்பு வீட்டு உரிமையாளர் பெயரில் இருக்கிறது என்று. நவம்பரில் இரண்டாம் கட்டமாக ஏழு லட்சத்துக்கும் மேற்பட்ட பெண்கள் புதிதாகச் சேர்க்கப்பட்டார்கள்.

அந்தக் குறுஞ்செய்திகள் எல்லாமே தெளிவாக இருந்தன என்று நான் சொல்லமாட்டேன். ஆனால் இத்தனை லட்சம் பேருக்குக் காரணம் சொல்வது நடக்கிற காரியமா என்று கேட்பவர்களுக்கு இது போதுமான பதில். ஆயிரம் ரூபாய் உரிமைத் தொகைக்குக் காரணம் சொல்ல முடிந்த அரசால் பட்டாவுக்கும், சாதிச் சான்றிதழுக்கும், நிறுத்தப்பட்ட முதியோர் உதவித்தொகைக்கும் சொல்ல முடியும்.

‘ஏன்’ என்று கேட்காதே

2005ஆம் ஆண்டின் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் யாரும் அதிகம் கவனிக்காத ஒரு வரி இருக்கிறது. பிரிவு 4(1)(ஈ): ஒவ்வொரு பொது அதிகார அமைப்பும் தன் நிர்வாக முடிவுகளுக்கும் ஓரளவு நீதிமன்றத் தன்மை கொண்ட முடிவுகளுக்கும் உரிய காரணங்களைப் பாதிக்கப்பட்டவர்களுக்கு வழங்க வேண்டும். கேட்டால் தர வேண்டும் என்றுகூட அதில் இல்லை. தானாகவே தர வேண்டும்.

நடப்பது நேர்மாறு. ‘என் மனுவை ஏன் நிராகரித்தீர்கள்?’ என்று ஆர்.டி.ஐ. போட்டால், ‘ஏன் என்ற கேள்வி தகவல் என்ற வரையறைக்குள் வராது’ என்று பதில் வரும். 2008இல் பம்பாய் உயர் நீதிமன்றத்தின் கோவா அமர்வு அளித்த தீர்ப்பும், பதிவேட்டில் இல்லாத தகவலை உருவாக்கித் தர வேண்டியதில்லை என்ற உச்ச நீதிமன்றத் தீர்ப்புகளும் இதற்குக் கேடயம். தகவல் அலுவலரிடம் புதிதாக விளக்கம் கேட்க முடியாது என்ற அளவில் அந்தத் தீர்ப்புகளில் நியாயம் இருக்கிறது. ஆனால் அதைப் பிடித்துக்கொண்டு 4(1)(ஈ)யைச் செத்த எழுத்தாக்கிவிட்டார்கள். காரணம் பதிவேட்டில் இல்லை என்பதுதானே குற்றச்சாட்டு? அதுவே எப்படித் தற்காப்பாகும்?

இதற்கு விவரம் தெரிந்தவர்கள் ஒரு வழி வைத்திருக்கிறார்கள். ஏன் என்று கேட்காமல், இந்த ந.க.எண் கோப்பின் நடப்புக் கோப்பையும் குறிப்புக் கோப்பையும் நகல் எடுத்துத் தாருங்கள் என்று கேட்பார்கள். எழுத்தர் என்ன குறிப்பு எழுதினார், துணை வட்டாட்சியர் என்ன சொன்னார், வட்டாட்சியர் எந்த இடத்தில் மாற்றினார் என்பதெல்லாம் அதில் வந்துவிடும். 2006இல் மத்திய அரசு இந்தக் கோப்புக் குறிப்புகளைச் சட்டத்திலிருந்து விலக்கப் பார்த்தது. நாடு முழுக்க எதிர்ப்பு கிளம்பியதால் கைவிட்டது. எதை மறைக்கத் துடித்தார்கள் என்பதிலிருந்தே, காரணம் எங்கே இருக்கிறது என்று தெரிகிறது.

மேசைக்கு அந்தப் பக்கம்

தாசில்தார்களின் தரப்பையும் கேட்க வேண்டும். ஒருநாள் குறைதீர் கூட்டம், மறுநாள் முகாம், அடுத்து வெள்ளம், பிறகு தேர்தல் பணி. நடுவே கட்டுக்கட்டாக மனுக்கள். ஒவ்வொன்றுக்கும் தீர்ப்பு எழுதிக்கொண்டிருக்க முடியுமா என்று கேட்பார்கள். தீர்ப்பு யாரும் கேட்கவில்லை. நான்கு வாக்கியம் போதும். பொருந்தும் விதி எது, இந்த மனுவில் அதற்கு ஒத்துவராத உண்மை எது, எந்த ஆவணத்திலிருந்து அது தெரியவந்தது, யாரிடம் எத்தனை நாளுக்குள் மேல்முறையீடு. இதற்கு ஆகும் நேரம், இதே மனுதாரர் ஆறு முறை வந்து மனு கொடுக்கும்போது ஆகும் நேரத்தைவிடக் குறைவு.

அவர்கள் வெளிப்படையாகச் சொல்லாத இன்னொரு தயக்கம் உண்டு. காரணம் எழுதினால் மாட்டிக்கொள்வோம். எழுதாவிட்டால் யாரும் பிடிக்க முடியாது. நேர்மையான அதிகாரிக்கு இது தலைகீழ். ஆளுங்கட்சிப் பிரமுகர் போனில் பேசினார் என்பதை எந்த ஆணையிலும் காரணமாக எழுத முடியாது. காரணம் எழுதியே ஆக வேண்டும் என்ற கட்டாயம் இருந்தால், ‘எழுத்தில் நிற்காதுங்க, கோர்ட்டில் அடித்துவிடுவார்கள்’ என்று அந்தப் போனுக்குப் பதில் சொல்ல அவருக்கு ஒரு பிடிமானம் கிடைக்கிறது. அந்தேரி வழக்கில் கமிஷனர், அரசு சொன்னது என்று கடிதத்திலேயே எழுதியதால்தான் உண்மை வெளியே வந்தது.

எல்லா முடிவுக்கும் இது பொருந்தாது. நேர்முகத் தேர்வில் ஒவ்வொருவருக்கும் ஏன் இந்த மதிப்பெண் என்று தேர்வுக்குழு எழுதவேண்டியதில்லை என்று நிம்ஹான்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. அது இருக்கட்டும்.

யாருக்குக் கிடைக்கிறது, யாருக்குக் கிடைக்கவில்லை

காரணம் சொல்வதில் சட்டம் மிகக் கண்டிப்பாக இருக்கும் ஓர் இடம் குண்டர் சட்டம். 1982ஆம் ஆண்டின் 14ஆம் சட்டமான அதன் கீழ் தடுப்புக் காவலில் வைக்கப்படுபவருக்கு, ஐந்து நாளுக்குள் காரணங்களை எழுத்தில் தர வேண்டும். அவருக்குத் தெரிந்த மொழியில் தர வேண்டும். தமிழ் மட்டும் தெரிந்தவருக்கு ஆங்கில ஆவணத்தின் மொழிபெயர்ப்பு தரவில்லை, நகலில் சில பக்கங்கள் படிக்க முடியவில்லை என்பதற்காகவே சென்னை, மதுரை அமர்வுகளில் காவல் ஆணைகள் ரத்தாவது வழக்கம். அரசியல் சாசனத்தின் 22(5) பிரிவு அவ்வளவு கண்டிப்பானது. அது சரிதான். அந்தக் கண்டிப்பில் ஒரு துளியாவது, உதவித்தொகை நின்றுபோன மூதாட்டிக்குக் கிடைக்க வேண்டாமா? அவருக்கும் அது உயிர்வாழும் பிரச்சினைதான்.

இன்னொரு பக்கம், நாட்டின் பாதுகாப்பு என்ற பெயரில் காரணம் மறைக்கப்படுகிறது. மீடியாஒன் என்ற மலையாளத் தொலைக்காட்சியின் ஒளிபரப்பு அனுமதி 2022 ஜனவரியில் புதுப்பிக்கப்படவில்லை. உள்துறை பாதுகாப்புச் சான்று தரவில்லை என்பதோடு சரி. காரணங்கள் சீலிட்ட உறையில் நீதிபதிகளுக்கு மட்டும் காட்டப்பட்டன. கேரள உயர் நீதிமன்றம் அதை ஏற்றது. 2023 ஏப்ரல் 5ஆம் தேதி உச்ச நீதிமன்றம் அதைப் புரட்டியது. தேசப் பாதுகாப்பு என்று சொல்லிவிட்டதாலேயே இயற்கை நீதி இல்லாமல் போய்விடாது. எதிர்த்தரப்பு பார்க்க முடியாத உறையை வைத்து அதன் உரிமையைப் பறிக்க முடியாது.

நீதித்துறை தன்னிடமும் இதைக் கேட்டுக்கொள்ள வேண்டும். 2019இல் சென்னை உயர் நீதிமன்றத் தலைமை நீதிபதி விஜயா தஹில்ரமானியை மேகாலயாவுக்கு மாற்றக் கொலீஜியம் பரிந்துரைத்தது. 75 நீதிபதி இடங்கள் கொண்ட நீதிமன்றத்திலிருந்து நான்கே இடங்கள் கொண்ட நீதிமன்றத்துக்கு. மறுபரிசீலனை கேட்டார், ஏற்கப்படவில்லை, ராஜினாமா செய்தார். வழக்கறிஞர்கள் நீதிமன்றப் பணியைப் புறக்கணித்தார்கள். மாற்றத்துக்கு உறுதியான காரணங்கள் உண்டு, அவற்றை வெளியிடுவது நிறுவனத்தின் நலனுக்கு ஏற்றதல்ல என்ற வகையில் உச்ச நீதிமன்றத்திலிருந்து விளக்கம் வந்தது. 1977இல் மேனகா காந்திக்கு அரசு எழுதிய பதிலுக்கும் இதற்கும் எனக்குப் பெரிய வித்தியாசம் தெரியவில்லை. தாசில்தாரிடம் காரணம் கேட்கும் தார்மிக உரிமை, கேட்பவர் தானும் சொல்லும்போதுதான் முழுமையாகும்.

ஜெயித்த பிறகு

காரணம் இல்லை என்பதற்காக ஓர் ஆணையை உயர் நீதிமன்றம் ரத்து செய்தால் மனுதாரருக்குப் பட்டா கிடைத்துவிடாது. ‘மனுவைத் தகுதியின் அடிப்படையிலும் சட்டப்படியும் பரிசீலித்து 12 வாரத்துக்குள் ஆணை பிறப்பிக்கவும்’ என்று மறுபடி அதே அலுவலகத்துக்கே போகும். அதே அதிகாரி அதே முடிவை ஐந்து பத்தியில் எழுதி அனுப்பலாம். பல பேர் இந்த இடத்தில்தான் சோர்ந்துபோகிறார்கள். அவர்களது கோபம் நியாயமானது. ஓர் ஏழை சென்னைக்கோ மதுரைக்கோ வந்து, வக்கீல் வைத்து, கடைசியில் வாங்கிப்போவது முதல் நாளே தாலுகா அலுவலகத்தில் கிடைத்திருக்க வேண்டிய ஒரு காகிதம்.

இதை நீதிமன்றத்தால் மட்டும் தீர்க்க முடியாது. ஆணைப் படிவங்களையே மாற்ற வேண்டும். காரணம், ஆதாரம், மேல்முறையீடு ஆகிய மூன்று கட்டங்களும் நிரப்பப்படாமல் நிராகரிப்பு ஆணையைக் கணினி வெளியிடவே கூடாது. தயார் வாசகத்தைத் தேர்ந்தெடுத்தாலும், இந்த மனுவுக்கு அது எப்படிப் பொருந்துகிறது என்று தமிழில் இரண்டு வரி தட்டச்சு செய்தாக வேண்டும். மேல்முறையீட்டில் ரத்தாகும் ஆணைகள் எந்த அலுவலகத்திலிருந்து அதிகம் வருகின்றன என்று மாவட்ட ஆட்சியர்கள் மாதம் ஒருமுறை பார்த்தால் போதும், பாதிக் கோளாறு கண்ணில் படும்.

அதுவரை, காரணமில்லாத ஆணை கையில் கிடைத்தவர்கள் செய்யக்கூடியவை சில உண்டு. உறையைத் தூக்கிப் போடாதீர்கள். கிடைத்த நாளை அதன் மேலேயே குறித்துவையுங்கள், மேல்முறையீட்டுக் காலக்கெடுவில் தகராறு வந்தால் உதவும். மேல்முறையீட்டு மனுவில், ஆணையில் காரணம் ஏதும் கூறப்படவில்லை என்பதை ஒரு தனிக் காரணமாகவே எழுதுங்கள். கூடவே, நீங்கள் இணைத்த ஒவ்வோர் ஆவணத்தையும் பெயர் சொல்லி, இது பரிசீலிக்கப்பட்டதற்கான குறிப்பு ஆணையில் இல்லை என்று சேருங்கள். பதிவு மறுக்கப்பட்டிருந்தால் பிரிவு 71இன் கீழ் 2ஆம் எண் புத்தகத்தில் பதிந்த காரணங்களின் நகலைக் கேளுங்கள். அதற்குக் கட்டணம் கிடையாது. ஆர்.டி.ஐ. போடுவதானால் ‘ஏன்’ என்று தொடங்காதீர்கள். ந.க.எண்ணைக் குறிப்பிட்டு, குறிப்புக் கோப்பின் எல்லாப் பக்கங்களுக்கும் நகல் கேளுங்கள்.